கள்ளக்குறிச்சிப் பசங்களின் தலைமுடி மேல் ஏன் இவ்வளவு கோபம்?

"பசங்க தலையப் பார்த்தீங்களா? கோழிக் கொண்டை மாதிரி வெச்சிக்கிட்டு... இதுங்க எங்க உருப்படப் போகுது?"

கள்ளக்குறிச்சி நான்குமுனை சந்திப்பைச் சுற்றியிருக்கிற எந்த டீக்கடையில் உட்கார்ந்தாலும் இந்த வசனம் ஒரு தடவையாவது காதில் விழும். சொல்கிறவர் பெரும்பாலும் ஐம்பதைத் தாண்டியவர். சொல்லப்படுகிறவன் பிளஸ் டூ, அல்லது கல்லூரி முதலாமாண்டு. பக்கவாட்டில் ஒட்ட மழித்து உச்சியில் மட்டும் புதராக விட்ட பாக்ஸ் கட்டிங், ஒரே பக்கமாகச் சரியும் ஒன் சைடு, நுனியில் செம்பட்டைச் சாயம், கணுக்காலுக்கு மேலேயே நின்றுவிடும் பேன்ட், காதில் ஒற்றைக் கடுக்கன். கையில் போன், போனில் ரீல்ஸ். அவ்வளவுதான் குற்றப்பத்திரிகை.

இந்தக் கோபம் டீக்கடையோடு நின்றுவிடவில்லை. தமிழ்நாட்டில் சில அரசுப் பள்ளித் தலைமையாசிரியர்கள் ஊர் சலூன்காரர்களுக்குக் கடிதமே எழுதியிருக்கிறார்கள். மாணவர்களுக்கு இன்னின்ன வெட்டு வெட்டாதீர்கள் என்று! வெட்டிக்கொண்டு வந்தவனைப் பள்ளிக்கூடத்திலேயே உட்கார வைத்து முடியைத் திருத்திவிட்ட செய்திகளும் வந்தன. அந்தச் செய்திகளின் கீழே வந்த பின்னூட்டங்களில் பாதிக்கு மேல் பாராட்டு. "இப்படி ஒரு வாத்தியார் ஒவ்வொரு பள்ளிக்கும் வேணும்" ரகம்.

திட்டுகிற தலைமுறையின் கல்யாண ஆல்பத்தைப் புரட்டினால் பெல்பாட்டம் இருக்கும். காதை மூடிய முடி இருக்கும். அதற்கு அடுத்த செட் ஸ்டெப் கட்டிங், பங்க் என்று திரிந்தது. அவர்களும் அவரவர் அப்பாக்களிடம் வாங்கிக் கட்டிக்கொண்டவர்கள்தான். ஆகவே இது காலங்காலமாக நடக்கிற அப்பா–மகன் சண்டை, விடுங்கள் என்று கடந்து போய்விடலாம். :-)

ஆனால் கொஞ்சம் உற்றுப் பார்த்தால் ஒன்று இடிக்கிறது. அதே வெட்டை இரண்டு பேர் வைத்திருந்தால் ஊர் இரண்டு விதமாகப் பேசுகிறது. ரைஸ்மில் முதலாளி மகன் சென்னை இன்ஜினியரிங் காலேஜிலிருந்து லீவுக்கு வரும்போது அந்தத் தலையோடு இறங்கினால், "தம்பி ஸ்டைலா இருக்கே". காலனிப் பையன் வைத்தால், மலையிலிருந்து இறங்கி வந்த பையன் வைத்தால், "புள்ளிங்கோ".

புள்ளிங்கோ என்ற சொல்லின் கதையே தனி. வட சென்னைப் பேச்சில் 'பிள்ளைகள்' என்பதுதான் புள்ளிங்கோ. நம்ம பசங்க என்று அன்போடு சொல்வது. கானாப் பாட்டு வழியாகவும் டிக்டாக் வழியாகவும் மாநிலம் முழுக்கப் பரவியது. பரவிய வேகத்தில் மீம்ஸ் போடுகிறவர்கள் கையில் சிக்கி வசைச்சொல்லாகிவிட்டது. வைகிறவர்களின் மனதில் அந்தச் சொல்லோடு வரும் படத்தைக் கவனியுங்கள்: கருத்த, ஒல்லியான, குடிசைப் பகுதிப் பையன். முடிவெட்டு அந்தப் படத்தில் ஒரு ஓரத்தில்தான் இருக்கிறது.

துணிமணியை வைத்து ஆளை அளப்பது இந்த வட்டாரத்துக்குப் புதிதும் இல்லை. 2012 நவம்பர் 7ஆம் தேதி தர்மபுரி மாவட்டம் நத்தம் காலனியிலும் பக்கத்துக் குடியிருப்புகளிலும் தலித் மக்களின் வீடுகள் எரிக்கப்பட்டன. தொடக்கம், ஒரு சாதி மறுப்புக் காதல் திருமணம். அந்தச் சூட்டில் பாமக நிறுவனர் ராமதாஸ், தலித் இளைஞர்கள் ஜீன்ஸும் டி-சர்ட்டும் கூலிங் கிளாஸும் போட்டுக்கொண்டு மற்ற சாதிப் பெண்களை மயக்குகிறார்கள் என்று பேசினார். அந்தப் பேச்சு அப்போது விழுப்புரம் மாவட்டத்தில் இருந்த கள்ளக்குறிச்சியிலும் எடுபட்டது. யோசித்துப் பாருங்கள். சந்தையில் முந்நூறு ரூபாய்க்குக் கிடைக்கிற ஒரு ஜீன்ஸ் பேன்ட் அரசியல் பிரச்சினையாக முடிந்தது. ஏன்? அதைப் போட்டுக்கொண்டு பஸ்ஸில் ஏறினால் யார் எந்தத் தெரு என்று சட்டெனச் சொல்ல முடியாது. ஊருக்கு அது பிடிக்கவில்லை.

ஒரு ஏழைப் பையனால் தன்னைப் பற்றி எதையெல்லாம் மாற்ற முடியும் என்று ஒரு கணக்குப் போடலாம். நிலம் கிடையாது, இருந்தாலும் அரை ஏக்கர். வீடு அப்பா கட்டியது, அல்லது அரசாங்கம் கட்டிக்கொடுத்தது. ஊர், தெரு, சாதி எதுவும் அவன் கையில் இல்லை. மார்க் ஓரளவு கையில் இருக்கிறது, அதுவும் பள்ளியில் வாத்தியார் இருந்தால். நூறு, நூற்றைம்பது ரூபாயில், ஒரு மணி நேரத்தில், யாரிடமும் கேட்காமல் மாற்றக்கூடியது தலைமுடி ஒன்றுதான். அதிலும் கை வைத்தால் அவன் முறைக்கத்தான் செய்வான்.

சரி, "உருப்படாமல் போவது" என்ற விஷயத்துக்கு வருவோம். அண்மைக் காலத்தில் இந்த ஊரில் அதிகம் பேரைக் கொன்றது எது? 2024 ஜூன் 18, 19 தேதிகளில் கள்ளக்குறிச்சி நகருக்குள்ளேயே இருக்கிற கருணாபுரத்தில் மெத்தனால் கலந்த சாராயம் குடித்து விழ ஆரம்பித்தார்கள். கடைசியில் அறுபதுக்கும் மேற்பட்டோர் செத்தார்கள். இறந்தவர்களில் மிகப் பெரும்பாலோர் கூலி வேலை செய்தவர்கள். மூட்டை தூக்கியவர்கள், பெயின்ட் அடித்தவர்கள். குடும்பத் தலைவர்கள். பெண்களும் இருந்தார்கள். டாஸ்மாக்கில் குவார்ட்டர் வாங்கக் காசு கட்டாதவர்கள் பாக்கெட் சாராயத்துக்குப் போனவர்கள். விற்ற இடம் காவல் நிலையத்துக்கும் நீதிமன்றத்துக்கும் கூப்பிடு தூரம். ரீல்ஸ் போட்டோ பாக்ஸ் கட்டிங் வைத்தோ அங்கே யாரும் சாகவில்லை.

அதற்காகப் பசங்கள் எல்லாம் யோக்கியர்கள் என்று அர்த்தமில்லை. அவர்களும் குடிக்கிறார்கள், கஞ்சா ஊருக்குள் வராமலும் இல்லை. ஆனால் அந்த ஜூனில் அப்பாவைப் பறிகொடுத்து, சில வீடுகளில் அம்மாவையும் பறிகொடுத்து நின்றவர்கள் யார்? இதே வயதுப் பிள்ளைகள்தான். பெற்றோரை இழந்த பிள்ளைகளின் படிப்புச் செலவையும் விடுதிச் செலவையும் அரசு ஏற்றுக்கொள்வதாக அறிவிப்பு வந்தது. இறந்தவர் குடும்பத்துக்குப் பத்து லட்சம் ரூபாய். அந்தப் பிள்ளைகளில் ஒருவன் பாக்ஸ் கட்டிங்கோடு கொள்ளி வைத்திருப்பான். அப்போது அவன் தலையைப் பற்றி யாரும் பேசியிருக்க மாட்டார்கள்.

இன்னொரு தற்செயல். அதே ஜூன் 18ஆம் தேதிதான் முன்னாள் நீதிபதி சந்துரு குழு தன் அறிக்கையை முதல்வரிடம் கொடுத்தது. 2023 ஆகஸ்டில் நாங்குநேரியில் பள்ளி மாணவனையும் அவன் தங்கையையும் சக மாணவர்கள் வீடு புகுந்து வெட்டியதற்குப் பிறகு போடப்பட்ட குழு அது. மாணவர்கள் கையில் கட்டும் வண்ணக் கயிறு, மோதிரம், நெற்றிப் பொட்டு என்று சாதியைக் காட்டும் அடையாளங்கள் பள்ளிக்குள் கூடாது என்பது அதன் பரிந்துரைகளில் ஒன்று.

இந்த இடத்தில்தான் பசங்களின் பக்கம் நின்று பேசுகிறவர்களுக்கும் தொண்டையில் ஏதோ சிக்குகிறது. ஜீன்ஸ் போட்டால் சாதி மறையும் என்று பயந்த பெரியவர்கள் வீணாகப் பயந்தார்கள். மறையவில்லையே! இன்ஸ்டாவில் தேடிப் பாருங்கள். அதே பாக்ஸ் கட்டிங், அதே கூலிங் கிளாஸ், அதே ஸ்லோமோஷன் நடை. பின்னால் ஓடுவது சாதிப் பெருமைப் பாட்டு, கையில் சாதிக் கொடி நிறக் கயிறு, பைக்கின் நம்பர் பிளேட்டுக்கு மேலே சாதிப் பெயர். எல்லாத் தரப்பிலும் இது இருக்கிறது, வட மாவட்டம் தென் மாவட்டம் என்ற வேறுபாடும் இல்லை. தாத்தா காலத்தில் ஊர்க்கூட்டத்தில் மட்டும் பேசியதைப் பேரன் முப்பது விநாடி வீடியோவாக்கி மூன்று லட்சம் பேருக்குக் காட்டுகிறான். பெரியவர்கள் உண்மையிலேயே திட்ட வேண்டியது இதைத்தான். ஆனால் இதற்குத் திட்டுவதில்லை. "நம்ம பையன் கெத்து" என்று ஃபார்வேர்டு செய்கிறார்கள். முடி வெட்டாதே என்று சலூனுக்குக் கடிதம் எழுதுகிற ஊரில், கயிறு கட்டாதே என்று வீட்டுக்குக் கடிதம் போனதாகச் செய்தி அபூர்வம்.

மலைக்குப் போகலாம். கள்ளக்குறிச்சியிலிருந்து மேற்கே கச்சிராயபாளையம், கோமுகி அணை தாண்டினால் கல்வராயன் மலை ஏற்றம். மேலே வெள்ளிமலை. சனி ஞாயிறு ஆனால் இந்தச் சாலையில் பைக் வரிசை. கள்ளக்குறிச்சி, சேலம், விழுப்புரம், புதுச்சேரி வரைக்கும் உள்ள பசங்கள் பெரியார் நீர்வீழ்ச்சிக்கும் மேகம் நீர்வீழ்ச்சிக்கும் வருகிறார்கள். ஆர்15, டியூக், இல்லாவிட்டால் சைலன்சர் மாற்றிய ஸ்பிளெண்டர். வளைவுகளில் வீலிங் முயற்சி, ஒருவன் ஓட்ட ஒருவன் படம் பிடிக்க. 2023 செப்டம்பரில் யூடியூபர் டிடிஎஃப் வாசன் காஞ்சிபுரம் அருகே வீலிங் செய்யப்போய் விழுந்து, கைதாகி, ஓட்டுநர் உரிமத்தையும் பத்து வருடத்துக்கு இழந்தார். அதற்குப் பிறகும் மலைச் சாலையில் ஒன்றும் பெரிதாகக் குறையவில்லை. இந்த விஷயத்தில் திட்டுகிறவர்கள் பக்கம்தான் நியாயம். கொண்டை ஊசி வளைவில் எதிரே வருவது அரசுப் பேருந்தா, மரவள்ளிக்கிழங்கு ஏற்றிய லாரியா என்று ரீல்ஸுக்குத் தெரியாது.

ஆனால் அதே சாலையில் எதிர்த் திசையில் இறங்கி வருகிற இன்னொரு இளைஞர் கூட்டம் இருக்கிறது, அதை யாரும் படம் பிடிப்பதில்லை. மலையாளிப் பழங்குடிப் பசங்கள். (மலையாளி என்றதும் கேரளா என்று நினைத்துவிட வேண்டாம். மலையை ஆள்பவர்கள், மலைவாசிகள் என்ற பொருளில் வந்த பெயர். வீட்டில் பேசுவது தமிழ்தான்.) சாமை, தினை, மரவள்ளி, கடுக்காய் என்று மலையில் விளைவதும் கிடைப்பதும் வருடம் முழுக்கச் சோறு போடாது. ஆகவே கேரளாவுக்கும் குடகுக்கும் மிளகு பறிக்க, காபித் தோட்ட வேலைக்கு. இல்லாவிட்டால் திருப்பூர், பெங்களூர், சென்னையில் கட்டட வேலை. குடும்பத்தோடு போகும்போது பள்ளிக்கூடம் பாதியில் நின்றுவிடும். இன்னொரு வேலையும் இருந்தது: ஆந்திராவில் செம்மரம் வெட்டுவது. சேர்வராயன், ஜவ்வாது, சித்தேரி, கல்வராயன் என்று வட தமிழகத்து மலைகள் எல்லாவற்றிலும் புரோக்கர்கள் ஆள் பிடித்தார்கள். 2015 ஏப்ரல் 7ஆம் தேதி திருப்பதி அருகே சேஷாசலம் காட்டில் ஆந்திரப் போலீஸ் சுட்டு 20 தமிழகத் தொழிலாளர்கள் செத்த பிறகுதான் கீழே இருப்பவர்களுக்கு இப்படி ஒரு பிழைப்பு இருப்பதே தெரிந்தது.

இந்த மலையின் வரலாறு கீழே இருக்கிறவர்களுக்கே சரியாகத் தெரியாது. நாடு விடுதலை அடைந்த பிறகும் இங்கே ஜாகீர்தார்கள் ஆட்சிதான். 1976ல், நெருக்கடி நிலைக் காலத்தில்தான் அது முடிவுக்கு வந்தது. சாராயச் சாவுகளுக்குப் பிறகு 2024ல் சென்னை உயர் நீதிமன்றம் கல்வராயன் மலை மக்களின் நிலை பற்றித் தானாகவே முன்வந்து ஒரு வழக்கை எடுத்தது. மக்கள் முதன்முதலாக வாக்களித்ததே 1996ல்தான் என்ற தகவல் அப்போது நீதிமன்றத்தில் சொல்லப்பட்டது. சாலை, பஸ், ஆஸ்பத்திரி, ரேஷன், செல்போன் டவர் என்று ஒவ்வொன்றாகக் கேட்டது நீதிமன்றம். இது 2024. கீழே 5ஜி விளம்பரம் போட்டுக்கொண்டிருந்த வருடம்.

இப்போது ஒரு மலைப் பையனை நினைத்துப் பாருங்கள். அவன் தாத்தா ஜாகீர்தாருக்கு வரி கட்டியவர். அப்பா மிளகு பறிக்கப் போனவர். 2020–21 கொரோனா சமயத்தில் ஆன்லைன் வகுப்புக்காகச் சிக்னல் தேடி மேட்டிலும் பாறையிலும் ஏறி நின்றவன் அவன். கீழே கல்லூரியில் சேர்ந்த முதல் நாள் அவனுடைய பேச்சை, சட்டையை, செருப்பைப் பார்த்து யாராவது ஒருவன் சிரித்திருப்பான். ஒரு மாதத்தில் அவனும் பாக்ஸ் கட்டிங். அவன் "கெட்டுப் போய்விட்டானா"? அவனைப் பொறுத்தவரை, பஸ் ஸ்டாண்டில் யாரும் திரும்பிப் பார்க்காமல் நிற்பதற்கு அவன் கொடுத்த விலை அது. சொல்லப்போனால், எல்லோரையும் போல ஆவதற்குத்தான் அவன் ஸ்டைல் செய்கிறான். வித்தியாசமாகத் தெரிவதற்கு ஸ்டைல் செய்கிறவன் ரைஸ்மில் வீட்டுப் பையன்.

2025ல் சேலம் மாவட்ட எல்லைக்குள் வரும் கல்வராயன் மலைப் பகுதியான கருமந்துறையிலிருந்து ஒரு பழங்குடி மாணவிக்குச் சென்னை ஐஐடியில் இடம் கிடைத்தது. மாநிலமே கொண்டாடியது, கொண்டாட வேண்டியதுதான். ஆனால் அந்தச் செய்தியைப் பகிர்ந்த கையோடு, "பார்த்தியா, அந்தப் பொண்ணு படிக்கல? உனக்கு ரீல்ஸ் கேக்குதா?" என்று வீட்டுப் பையனைத் திட்டியவர்கள் ஏராளம். ஒருவர் ஏறிவிட்டதால் ஏணி எல்லோருக்கும் இருக்கிறது என்று நினைப்பது என்ன கணக்கோ.

2022 ஜூலை மாதத்தில் உலகத்தின் இரண்டு மூலைகளில் இளைஞர் கூட்டம் கூடியது. ஒன்று இங்கே. மற்றொன்று இந்தோனேசியாவின் ஜகார்த்தாவில். இரண்டையும் சேர்த்துப் பார்ப்பது உபயோகமாக இருக்கும்.

ஜகார்த்தாவின் நடுவே சுதிர்மான் என்று ஒரு பெரிய சாலை. வங்கிகளும் கம்பெனிகளும் நிற்கிற கண்ணாடிக் கட்டட ஏரியா. அங்கே சித்தாயம், போஜோங் கெடே, டெபோக் என்று நகரத்துக்கு வெளியே இருக்கிற ஊர்களிலிருந்து ஏழைப் பிள்ளைகள் மின்சார ரயில் ஏறி வந்து நிற்க ஆரம்பித்தார்கள். மலிவான துணியை விதவிதமாகச் சேர்த்துப் போட்டுக்கொண்டு, சிக்னல் விழும்போது ஜீப்ரா கோட்டின் மேல் மாடல் மாதிரி நடந்து காட்டினார்கள். வீடியோக்கள் பற்றிக்கொண்டன. 'சித்தாயம் ஃபேஷன் வீக்' என்று அதற்குப் பேரும் வந்துவிட்டது. அங்கேயும் இந்த மாதிரிப் பிள்ளைகளுக்கு 'அலாய்' என்று ஒரு வசைச்சொல் இருக்கிறது; அச்சு அசல் புள்ளிங்கோதான், நகர்ப்புறத்து மேல்தட்டு ஆட்கள் புறநகர்ப் பிள்ளைகளின் முடியையும் துணியையும் பார்த்து உதட்டைப் பிதுக்கிச் சொல்வது. ஆனால் வேடிக்கையைப் பாருங்கள், ஜகார்த்தா ஆளுநர் அனீஸ் பஸ்வேடான் தானே அந்தக் கோட்டின் மேல் நடந்து காட்டினார். ஒரு சினிமா பிரபலம் அந்தப் பெயரையே டிரேட்மார்க்காகப் பதியப் போய், ஊர் திட்டியதும் வாபஸ் வாங்கினார். மாதக் கடைசியில் போக்குவரத்து நெரிசல் என்று போலீஸ் பிள்ளைகளைக் கலைத்துவிட்டது. அவ்வளவுதான் கதை. யாருக்கும் பெரிய காசு கிடைக்கவில்லை. ஆனால் சில வாரங்களுக்கு அந்த நகரத்தின் நடுச் சாலை அவர்களுடையதாக இருந்தது.

அதே மாதம் சின்னசேலம் அருகே கனியாமூரில் ஒரு தனியார் பள்ளியின் விடுதி மாணவி இறந்துபோனார். நீதி கேட்டுச் சில நாட்கள் போராட்டம் நடந்தது. ஜூலை 17, ஞாயிற்றுக்கிழமை, வாட்ஸப் குழுக்களில் சுற்றிய அழைப்பைப் பார்த்துப் பல ஊர்களிலிருந்து இளைஞர்கள் பைக்கில் வந்து இறங்கினார்கள். பள்ளிப் பேருந்துகள் எரிந்தன, வகுப்பறைகள் நொறுங்கின, நாற்காலி மேசை எல்லாம் தூக்கிக்கொண்டு போகப்பட்டன. எரிவதைப் பின்னணியாக வைத்து வீடியோவும் எடுத்தார்கள். அந்த வீடியோக்களை வைத்தே போலீஸ் ஆட்களைப் பிடித்தது. முந்நூறுக்கும் மேற்பட்டோர் கைது. அதில் படிக்கிற பசங்கள் பலர். 2025ல் சிறப்புப் புலனாய்வுக் குழு தாக்கல் செய்த குற்றப்பத்திரிகையில் 900க்கும் மேற்பட்டோர் பெயர், அதில் சிறார்களும் உண்டு. வேலைக்கு மனுப் போட்டால் காவல்துறை நன்னடத்தைச் சான்றில் இது வந்து நிற்கும். இறந்த மாணவிக்கு இதனால் நீதியும் கிடைக்கவில்லை, மற்ற பிள்ளைகளின் பள்ளிக்கூடமும் போயிற்று.

இதை நியாயப்படுத்த முடியாது. ஆனால் ஒரு கேள்வி கேட்கலாம். இந்தப் பசங்கள் பத்துப் பேர் சேர்ந்து நிற்பதற்குக் கள்ளக்குறிச்சியில் அதற்கு முன் எங்கே இடம் இருந்தது? பஸ் ஸ்டாண்டில் நின்றால் போலீஸ் விரட்டும். டீக்கடையில் உட்கார்ந்தால் முதலில் சொன்ன வசனம். காலேஜ் கேட்டை நாலு மணிக்குப் பூட்டுவார்கள். விளையாட்டுத் திடலில் வாக்கிங் போகிற பெரியவர்கள். சினிமாத் தியேட்டர் முதல் நாள் முதல் காட்சி ஒன்றுதான் ஊரே ஒப்புக்கொண்ட கூட்டம். 2019 நவம்பர் 26 முதல் இது மாவட்டத் தலைநகர். கலெக்டர் ஆபீஸ் வந்தது, எஸ்.பி. ஆபீஸ் வந்தது, சிறுவங்கூரில் மெடிக்கல் காலேஜ் வந்தது. பதினெட்டு வயதுக்காரன் சாயங்காலம் காசு கொடுக்காமல் போய் உட்கார ஓர் இடம் வேண்டும் என்ற கோரிக்கையோ எந்தக் கட்சியின் தேர்தல் அறிக்கையிலும் கண்ணில் படவில்லை. அதனால்தான் போன். பசங்கள் போனிலேயே கிடக்கிறார்கள் என்கிறீர்களே, வேறெங்கே கிடக்கச் சொல்கிறீர்கள்?

போனில் இருக்கிற இடங்களையும் அடிக்கடி பிடுங்கினார்கள் என்பது வேறு விஷயம். 2020 ஜூனில் டிக்டாக் போயிற்று. செப்டம்பரில் பப்ஜி. 2022 பிப்ரவரியில் ஃப்ரீ ஃபயர். ஒவ்வொரு தடவையும் பசங்கள் ஒரே வாரத்தில் மூட்டை கட்டிக்கொண்டு அடுத்த வீட்டுக்குக் குடி போனார்கள். டிக்டாக்கில் நாற்பதாயிரம் ஃபாலோயர் வைத்திருந்தவன் இன்ஸ்டாவில் பூஜ்யத்திலிருந்து ஆரம்பித்தான். எதிலும் பெரிய வருமானம் கிடையாது. புதுக்கோட்டை மாவட்டத்து வில்லேஜ் குக்கிங் சேனல் ஒரு கோடி சந்தாதாரரைத் தொட்டது 2021ல். அந்த ஒன்றைக் காட்டி ஆயிரம் பேர் கேமராவைத் தூக்கினார்கள். 2024 ஆகஸ்டிலிருந்து அரசுப் பள்ளியில் படித்துக் கல்லூரி போகிற பசங்களுக்குத் தமிழ்ப் புதல்வன் திட்டத்தில் மாதம் ஆயிரம் ரூபாய் வருகிறது. அதில் ரீசார்ஜ், பஸ், ஒரு கட்டிங் போக மிச்சம் இருப்பதை எண்ணிப் பாருங்கள். பைக் தவணை அப்பா தலையில்தான் விழும். இந்தத் தவணை விஷயத்தில் பசங்களைக் கண்டிக்க நிறைய இருக்கிறது. கேட்டு வாங்கிய பைக்குக்கு அம்மாவின் கம்மல் அடகுக்கடைக்குப் போகும் வீடுகள் இந்தப் பக்கம் குறைவில்லை. அது ஸ்டைல் கணக்கில் வராது. அது அநியாயம்.

இவ்வளவு நேரம் பேசியதெல்லாம் பையன்களைப் பற்றி. 'இளைஞர் கலாச்சாரம்' என்று யார் ஆரம்பித்தாலும் இப்படித்தான் ஆகிறது. ஏனென்றால் தெருவில் கண்ணுக்குத் தெரிவது அவர்கள்தான். பெண் பிள்ளைகளின் ஸ்டைல் எங்கே இருக்கிறது? 2021 மே மாதத்திலிருந்து டவுன் பஸ்ஸில் பெண்களுக்கு டிக்கெட் இல்லை. ஒரு தோழி வீட்டுக்கு, ஒரு கம்ப்யூட்டர் கிளாசுக்கு, சும்மா கடைவீதிக்குப் போய் வர அப்பாவிடம் காசு கேட்க வேண்டாம் என்று ஆனது. பாக்ஸ் கட்டிங்கை விடப் பல மடங்கு பெரிய மாற்றம் அது, ஆனால் அதற்கு ரீல்ஸ் கிடையாது. புதுமைப் பெண் திட்டத்தின் ஆயிரம் ரூபாய் பசங்களுக்கு வருவதற்கு இரண்டு வருடம் முன்பே, 2022 செப்டம்பரில் அவர்களுக்கு வந்துவிட்டது.

படிப்பு முடித்த பெண்களில் பலர் வட மாவட்டங்களிலிருந்து ஸ்ரீபெரும்புதூர் போன் கம்பெனிகளுக்குப் போகிறார்கள். இங்கே பையன் கையில் வைத்து ரீல்ஸ் எடுக்கிற வகைப் போனை அங்கே அக்கா பூட்டுகிறாள். 2021 டிசம்பரில் ஃபாக்ஸ்கான் பெண் தொழிலாளர்கள் தங்கியிருந்த விடுதியில் சாப்பாடு கெட்டுப்போய் நூற்றுக்கும் மேற்பட்டோர் ஆஸ்பத்திரியில் சேர்ந்தார்கள். கூட வேலை பார்த்தவர்களுக்கு என்ன ஆனது என்று சரியான பதில் வரவில்லை, செத்துவிட்டார்கள் என்று வதந்தி கிளம்பியது. ராத்திரியோடு ராத்திரியாகப் பெண்கள் சென்னை–பெங்களூரு நெடுஞ்சாலையில் உட்கார்ந்துவிட்டார்கள். மணிக்கணக்கில் வண்டிகள் நின்றன. அவர்களையும் இணைத்தது வாட்ஸப்தான். பஸ் எரியவில்லை, எதுவும் கொள்ளை போகவில்லை. அதன் பிறகு கம்பெனி மூடிக் கிடந்து, விடுதிகளைச் சரி செய்வதாக ஒப்புக்கொண்டு, அடுத்த மாதம்தான் திறந்தது. இந்தத் தலைமுறையின் கூட்டம் என்றால் கனியாமூரை மட்டும் ஞாபகம் வைத்திருக்கிறவர்கள் இதையும் ஞாபகம் வைத்துக்கொள்ளலாம்.

அந்தப் பெண்கள் பொங்கலுக்கு ஊருக்கு வரும்போது புருவம் திருத்தியிருக்கிறார்கள், முடியை நேராக்கியிருக்கிறார்கள், சுரிதாருக்குப் பதில் ஜீன்ஸும் டாப்ஸும். சொந்தச் சம்பளம், யாரும் வாய் திறப்பதில்லை. வீட்டுக்கு ஓடு மாற்றியது அந்தப் பணம். இங்கேயே கல்லூரியில் படிக்கிற தங்கைகளுக்கு இன்னும் அது வாய்க்கவில்லை. இன்ஸ்டாவில் கணக்கு இருக்கும், ஆனால் அண்ணனுக்குத் தெரியாமல், வேறு பேரில். டிபியில் சொந்த முகம் வைக்க மாட்டார்கள், ரோஜாப்பூவோ குழந்தைப் படமோ நடிகை படமோ இருக்கும். அந்த முகத்தை எடுத்து யாராவது எதிலாவது ஒட்டிவிடுவான் என்ற பயம் ஒரு பக்கம், அண்ணன் பார்த்தால் போனே போய்விடும் என்ற பயம் இன்னொரு பக்கம். அந்த அண்ணன் பெரும்பாலும் பாக்ஸ் கட்டிங்தான் வைத்திருக்கிறான்.